அட்லாண்டிக்கின் இருகரைகளிலும் மாலே முஸ்லிம்கள்

பிஸ்மில்லாஹிர் ரஹ்மானிர் ரஹீம்



மேற்கு ஆப்பிரிக்காவிலுள்ள பெனின் நாட்டின் தலைநகரம் போர்த்தோ-நோவோ. அவ்வூர்ப் பெரிய பள்ளிவாசலின் படத்தை நம் மஹல்லாவில் எவரிடம் காட்டினாலும், "இது மாதா கோயில் அல்லவா?" என்றே வினவுவர். முகப்பின் இருபுறமும் இரண்டு கோபுரங்கள். அவற்றின் நடுவே வளைந்து உயரும் முகப்புச் சுவர். சுவரெங்கும் சுண்ணாம்புப் பூவேலை. அதன்மேல் பல வண்ணப் பூச்சு. குப்பாவும் மினாராவும் பார்த்துப் பழகிய கண்களுக்கு அது பள்ளிவாசலாகத் தோன்றுவதில்லை. 1912 முதல் 1935 வரையிலான காலத்தில் அது கட்டப்பட்டது. கட்டியவர்கள் கடலுக்கு அப்பால் பிரேசில் நாட்டின் பஹியா மாநிலத்தில் நிற்கும் பழைய தேவாலயங்களின் அமைப்பையே தங்கள் தொழுமிடத்திற்கும் அளித்தார்கள். அவர்களுடைய முன்னோர் அட்லாண்டிக் பெருங்கடலை இருமுறை கடந்தவர்கள். முதலில் விலங்கு பூட்டப்பட்ட அடிமைகளாகச் சென்றார்கள். பின்னர் நாடு கடத்தப்பட்டோ, சொந்தப் பணத்தில் கப்பல் கூலி கொடுத்தோ திரும்பி வந்தார்கள்.

நம் மதரஸாக்களில் அந்தலூஸின் வீழ்ச்சியை ஓதுகிறோம். பக்தாதின் அழிவை ஓதுகிறோம். பஹியாவின் முஸ்லிம்களைப் பற்றி ஓதுவதில்லை. ஆதலால் இவ்வாண்டு மலரில் அவர்களுடைய வரலாற்றை எடுத்துரைக்கத் துணிந்தோம்.

அடிமைகளானது எவ்வாறு?

இன்றைய வட நைஜீரியாவில் ஷெய்கு உதுமான் தன் ஃபோதியோ அவர்கள் 1804ஆம் ஆண்டு தொடங்கிய ஜிஹாத், சொக்கோட்டோ கிலாஃபத்தாக நிலைபெற்றது. கல்வியும் எழுத்தும் தழைத்த ஆட்சி அது என்பதில் ஐயமில்லை. ஆயினும் அக்காலப் போர்களும், தெற்கே யொரூபா மக்களின் ஓயோ பேரரசு சிதைந்தபோது மூண்ட போர்களும் பல்லாயிரம் பேரைக் கைதிகளாக்கின. முஸ்லிம்கள் பிறரைப் பிடித்தார்கள். பிறர் முஸ்லிம்களைப் பிடித்தார்கள். கலிமாச் சொன்னவனே கலிமாச் சொன்னவனைச் சந்தையில் நிறுத்தியதும் உண்டு. இதனை மறைத்துவிட்டு வெள்ளையரை மட்டும் குற்றவாளிகளாகக் காட்டி வரலாறு எழுதுவது நேர்மையாகாது.

உவிதா, லாகோஸ் முதலான துறைமுகங்களில் பஹியாவின் வணிகர்கள் காத்திருந்தனர். அவர்கள் கொண்டுவந்த முதன்மையான சரக்கு புகையிலை. அதுவும் ஐரோப்பாவில் விலைபோகாத மூன்றாந்தரப் புகையிலை. வெல்லப்பாகில் தோய்த்துச் சுருட்டப்பட்டது. மனிதனுக்கு ஈடாக அது கைமாறியது. மூன்று நூற்றாண்டுகளுக்கும் மேலாக நடந்த அவ்வணிகத்தில் பிரேசில் கரையில் உயிரோடு இறக்கப்பட்டவர்கள் மட்டும் ஏறக்குறைய 48 லட்சம் பேர். 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பஹியாவின் தலைநகரான சால்வடோருக்கு வந்தவர்களுள் ஹவுஸா, யொரூபா, நூப்பே இனத்து முஸ்லிம்கள் கணிசமாக இருந்தனர். யொரூபா மொழியில் முஸ்லிமை 'இமாலே' என்பர். அதுவே பிரேசிலில் 'மாலே' என்றாயிற்று.

அடிமைகளின் ஜமாஅத்

சால்வடோர் அப்போது சுமார் 65,000 மக்கள் வாழ்ந்த நகரம். பத்தில் நால்வர்க்கு மேல் அடிமைகள். நகரத்து அடிமையின் நிலை கரும்புத் தோட்டத்து அடிமையின் நிலையினின்று சற்று வேறுபட்டது. அவன் தெருவில் சுமை தூக்குவான், பல்லக்குச் சுமப்பான், கைத்தொழில் செய்வான். எசமானுக்கென்று குறித்த தொகையைக் கட்டிவிட்டு மிஞ்சியதைத் தனக்கென வைத்துக்கொள்வான். காசு காசாகச் சேர்த்துத் தன்னையே விலை கொடுத்து மீட்டுக்கொண்டவர்களும் உண்டு.

இந்தச் சிறிய இடைவெளியில்தான் மாலேக்கள் ஒரு ஜமாஅத்தை அமைத்தார்கள். ஆலிம்களை 'அலூஃபா' என்று அழைத்தனர். லூயிஸ் சானிம் என்பவர் புகையிலை சுருட்டும் வேலை செய்த முதிய அடிமை. அவர் ஒரு பொதுநிதி நடத்தினார். ஒவ்வொருவரும் 320 ரெய்ஸ் காசு கொடுப்பர். அதிலிருந்து வெள்ளாடைக்குத் துணி வாங்கப்பட்டது. எசமானுக்குக் கட்டவேண்டிய கூலிப் பங்கு கட்டப்பட்டது. அடிமைகளின் விடுதலைக்கும் தொகை ஒதுக்கப்பட்டது. பைத்துல்மால் என்று நாம் சொல்வதை, தம் உடலே தமக்குச் சொந்தமில்லாத மனிதர்கள் நடத்திக் காட்டினார்கள். வருமானமுள்ள மஹல்லாக்களிலேயே பைத்துல்மால் பெட்டி காலியாகக் கிடப்பதை அறிந்தவர்கள் இதனைச் சற்று நினைத்துப் பார்க்கலாம்.

விட்டோரியா என்னும் பகுதியில், ஓர் ஆங்கிலேயர் வீட்டு வளவில், அவருடைய அடிமைகள் ஒரு குடிசை எழுப்பியிருந்தனர். தொழுவதும் ஓதுவதும் கூடி உண்பதும் அங்கேதான். 1834 நவம்பர் இறுதியில் மிஃராஜ் இரவை முன்னிட்டு அங்கே பெருந்திரளாகக் கூடினர். அதிகாரி ஒருவர் வந்து கூட்டத்தைக் கலைத்தார். பின்னர் அந்த ஆங்கிலேயரே குடிசையைப் பிரித்தெறியச் செய்தார்.

பசிஃபிகோ லிகுதான் என்னும் முதிய அலூஃபாவுக்கு நேர்ந்தது இதனினும் கொடியது. அவரை விடுதலை செய்ய மாலேக்கள் பணம் திரட்டி நீட்டினர். எசமான் விற்க மறுத்தான். அந்த எசமானே கடன்பட்டு மூழ்கியபோது, கடன் கொடுத்தவர்களுக்காக மேசை நாற்காலியைப் போல் லிகுதானையும் பறிமுதல் செய்து, ஏலத்திற்கென நகரச் சிறையில் அடைத்தனர். குற்றம் ஏதும் செய்யாமல் ஒருவருடைய கடனுக்கு மற்றொருவர் சிறையிருந்தார். அவரைக் காண நாள்தோறும் கூட்டம் வந்தது. வந்தவர்கள் மண்டியிட்டு அவரிடம் துஆப் பெற்றுச் சென்றனர்.

ரமலானின் இறுதிப் பத்தில்

1835 சனவரி 25ஆம் நாள், ஞாயிற்றுக்கிழமை; ஹிஜ்ரி 1250ஆம் ஆண்டு ரமலானின் இறுதிப் பத்து நாட்கள். நகரத்துக் கிறித்தவர்கள் திருவிழாவிற்காக ஊருக்கு வெளியே பொன்ஃபிம் சென்றிருப்பர். விடியற்காலையில் அடிமைகள் குடம் எடுத்துக்கொண்டு நீரூற்றுகளுக்குச் செல்லும் வேளையில் எழுவதென்று திட்டம். ஆனால் முந்திய இரவே செய்தி கசிந்தது. விடுதலை பெற்ற ஆப்பிரிக்கப் பெண்கள் சிலர் வழியாக அது அதிகாரிகளின் காதுக்கு எட்டியது. நள்ளிரவு கடந்த சிறிது நேரத்தில், மனோயெல் கலஃபாத்தே என்னும் முதியவர் குடியிருந்த வீட்டுக் கதவைக் காவலர்கள் தட்டினார்கள். ஸஹருக்காக விழித்திருந்த சுமார் அறுபது பேர் வாளேந்தி வெளியே பாய்ந்தனர்.

அவர்கள் முதலில் ஓடிய இடம் சிறைச்சாலை. லிகுதானை மீட்கவேண்டுமென்பதே நோக்கம். அது கைகூடவில்லை. தெருத்தெருவாகப் போரிட்டு, நகருக்கு வெளியே செல்லும் வழியில் அகுவா த மெனினோஸ் என்னுமிடத்துக் குதிரைப்படைக் கொட்டிலருகே முறியடிக்கப்பட்டனர். கடலில் குதித்து மூழ்கியவர்களும் உண்டு. விடியுமுன் எல்லாம் முடிந்துவிட்டது. எழுந்தவர்கள் ஏறத்தாழ 600 பேர்; மாண்டவர்கள் எழுபதுக்கு மேற்பட்டோர். பலரின் உடலில் வெள்ளை ஜுப்பாவும் கழுத்தில் தோல் தாயத்தும் இருந்தன. தாயத்துகளைப் பிரித்தபோது உள்ளே குர்ஆன் வசனங்கள் எழுதிய காகிதங்கள். மரப்பலகையில் ஆயத்தை எழுதிக் கழுவி அந்நீரை அருந்தும் வழக்கமும் அவர்களிடையே இருந்தது. பீங்கான் தட்டில் எழுதிக் கரைத்துக் கொடுக்கும் நம்மூர் வழக்கம் வாசகர்களுக்கு நினைவுக்கு வரலாம். அதன் மார்க்கத் தீர்ப்பு பற்றிய விவாதத்தை இங்கே தொடங்கினால் கட்டுரை முடியாது.

விசாரணை நடந்தது. அரபு எழுத்துள்ள காகிதம் ஒருவரிடம் இருந்தாலே அது குற்றத்திற்குச் சான்றாக வைக்கப்பட்டது. சிறையில் இருந்ததால் போரில் கலந்துகொள்ளவே இயலாத லிகுதானையும் நிறுத்தினர். பெயரைக் கேட்டபோது பிலால் என்றார். உன் பெயர் லிகுதான் என்பது எங்களுக்குத் தெரியும் என்று நீதிபதி சொல்ல, ஆம், அப்படியும் அழைப்பார்கள். ஆனால் நான் விரும்பிய பெயரை வைத்துக்கொள்ள எனக்கு இயலும் என்ற பொருள்பட விடையளித்தார். ஹள்ரத் பிலால் (ரலி) அவர்கள் மக்காவின் சுடுமணலில் யாருடைய அடிமையாக வதைபட்டார்கள் என்பதை அறிந்த நமக்கு, அந்த முதியவர் ஏன் அப்பெயரைத் தேர்ந்தார் என்பதை விளக்க வேண்டியதில்லை. கூட்டாளிகள் எவரையும் அவர் காட்டிக்கொடுக்கவில்லை. அவருக்கு விதித்த தண்டனை 1,200 கசையடி. நாளொன்றுக்கு இவ்வளவென்று பிரித்து அடிப்பார்கள். மே 14ஆம் நாள் நால்வருக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது. தூக்கிலிடுவதற்கு ஆள் கிடைக்காமற்போனதால் அவர்களைச் சுட்டுக் கொன்றனர்.

நாடு கடத்தல்

அடிமையைக் கொன்றால் எசமானுக்கு நட்டம். ஆகவே அடிமைகளைக் கசையடித்துத் திருப்பிக் கொடுத்தார்கள். பலரை வேறு மாநிலங்களுக்கு விற்றார்கள். ஆட்சியாளர்களின் அச்சமெல்லாம் விடுதலை பெற்ற ஆப்பிரிக்கர்கள் மீதே இருந்தது. 1835 மே மாதத்தில் பஹியா சட்டமன்றம் இயற்றிய சட்டம், ஐயத்திற்குரிய விடுதலையாளர்களை ஆப்பிரிக்காவுக்கு அனுப்ப வழிசெய்தது; எஞ்சியோர் மீது ஆண்டுக்கு 10,000 ரெய்ஸ் தலைவரி விதித்தது; வீடு நிலம் வாங்கும் உரிமையையும் பறித்தது. வெளியேறு என்று நேராகச் சொல்வதைவிட இது வலிமையான முறை. நாடு கடத்தப்பட்டவர்களைப் பின்தொடர்ந்து, தாமாகவே கடவுச்சீட்டுப் பெற்றுக் குடும்பத்தோடு கப்பலேறியவர்கள் அந்நூற்றாண்டு முழுவதிலும் பல ஆயிரம் பேர். முஸ்லிம்கள் மட்டுமல்லர், கத்தோலிக்கர்களாகிவிட்டவர்களும், யொரூபாத் தெய்வங்களை வணங்கியவர்களும் அவர்களுள் இருந்தனர்.

பிறந்த ஊருக்குத் திரும்புவோம் என்ற கனவுடன் இறங்கினார்கள். உள்நாட்டில் பலருடைய ஊரே போரில் அழிந்து போயிருந்தது. கரையை விட்டு உள்ளே சென்றால் மீண்டும் பிடிபட்டு விற்கப்படும் அபாயமும் இருந்தது. ஆதலால் உவிதா, அகுவே, போர்த்தோ-நோவோ, லாகோஸ், ஆக்ரா ஆகிய கரையோர ஊர்களிலேயே தங்கினர். பஹியாவில் 'ஆப்பிரிக்கர்' என்று விரட்டப்பட்டவர்களை ஆப்பிரிக்காவில் 'பிரேசிலியர்' என்று அழைத்தார்கள். இன்றைய கானா நாட்டின் ஆக்ராவில் கா இனத்து மக்கள் அவர்களுக்கு 'தாபோம்' என்று பெயரிட்டனர். என்ன கேட்டாலும் அவர்கள் போர்த்துக்கேயத்தில் 'தா போம்', அதாவது 'சரி, நல்லது' என்று சொல்லிக்கொண்டிருந்ததால் வந்த பெயர் என்பர். அப்பெயரோடே அச்சமூகம் இன்றும் வாழ்கிறது.

அவர்கள் கொண்டுவந்தது கைத்தொழில். கொத்து வேலை, தச்சு, தையல், ரொட்டி சுடுதல். லாகோஸில் பிரேசிலியர் தெருக்களில் எழுந்த மாடி வீடுகளின் சாயல் நகரெங்கும் பரவியது. 1894 சூலை 4ஆம் நாள் திறக்கப்பட்ட ஷிட்டா பே பள்ளிவாசல் அவர்களின் கைவண்ணமே. பணம் கொடுத்தவர் சியரா லியோனில் பிறந்து லாகோஸில் வணிகம் செய்த முஹம்மது ஷிட்டா. கட்டட வேலையை ஏற்றவர் ஜோவாவ் பாப்திஸ்தா த கோஸ்தா என்னும் பிரேசில் வழிவந்த மேஸ்திரி. திறப்பு விழாவில் லாகோஸ் ஆங்கிலேய ஆளுநர் பங்கேற்றார். இங்கிலாந்தின் லிவர்பூலில் இஸ்லாத்தைத் தழுவியிருந்த அப்துல்லாஹ் குவில்லியம் அவர்கள் உதுமானிய சுல்தான் இரண்டாம் அப்துல் ஹமீதின் சார்பில் வந்து, ஷிட்டாவுக்கு 'பே' பட்டம் வழங்கினார். கிறித்தவ நபியாகிய 'ஸ்நானம் கொடுத்த யோவானின்' பெயரைத் தாங்கிய மேஸ்திரி கட்டிய பள்ளியில் சுல்தானின் தூதர் நின்ற காட்சியை எண்ணிப் பாருங்கள்! நாம் அந்த யோவானை யஹ்யா (அலை) என்கிறோம்.

பெயர்களும் அப்படித்தான். போர்த்தோ-நோவோவின் முஸ்லிம் குடும்பங்களுள் த சில்வா, பராய்ஸோ போன்ற போர்த்துக்கேயக் குடும்பப் பெயர்கள் உண்டு. அடிமைப்படுத்தியவனின் பெயரை ஏன் விட்டொழிக்கவில்லை என்று நம்மில் சிலர் கேட்கக்கூடும். அப்பெயர், கடல் கடந்து மீண்டவன் என்பதற்கான அடையாளமாகவும் படித்தவன், தொழில் தெரிந்தவன் என்ற மதிப்பாகவும் மாறிவிட்டது. பன்றியிறைச்சி சேர்த்துச் சமைக்கும் பிரேசிலின் அவரைக் குழம்பு கூட அக்கரையில் வேறு வடிவம் பெற்று அடுப்பேறியது.

மீண்டவர்கள் எல்லோரும் நல்லோர் என்று சொல்வதற்கில்லை. உவிதாவிலும் அகுவேயிலும் அடிமை வணிகத்திலேயே இறங்கியவர்கள் உண்டு. ருஃபினோ ஜோஸே மரியா என்பவரின் கதை இதனினும் சிக்கலானது. ஓயோவில் ஓர் அலூஃபாவின் மகனாகப் பிறந்தவர். இளமையில் பிடிபட்டுப் பஹியாவுக்கு வந்தவர். தென் பிரேசிலில் 1835இல் தன்னை விலைகொடுத்து மீட்டுக்கொண்டவர். அதன்பின் அவர் சேர்ந்த வேலை அடிமைக் கப்பலில் சமையற்காரர் வேலை! 1841இல் எர்மலிந்தா என்ற அக்கப்பலை ஆங்கிலேயர் பிடித்து சியரா லியோனுக்குக் கொண்டு சென்றனர். அங்கே முஸ்லிம் ஆசிரியர்களிடம் அரபும் குர்ஆனும் ஓதினார். பின்னர் விரும்பியே பிரேசிலுக்குத் திரும்பி, ரெசிஃபே நகரில் அலூஃபாவாக அமர்ந்தார். 1853இல் காவல்துறை அவரைப் பிடித்து, அவரிடமிருந்த அரபுக் கையெழுத்துகளைப் பற்றிக் கேள்வி கேட்டது. குற்றமேதும் காணாமல் விட்டுவிட்டது. எந்தக் கப்பலில் அடிமைகள் ஏற்றப்பட்டார்களோ அந்தக் கப்பலின் வழியாகவே அவருக்கு மார்க்கக் கல்வி கிட்டியது. இதனை அல்லாஹ்வின் நாட்டம் என்று சொல்லி நாம் எளிதில் கடந்துவிட முடியாது. அக்கப்பலின் அடித்தட்டில் கிடந்தவர்களுக்கும் அவனே இறைவன்.

எஞ்சியவர்களின் நிலை

பிரேசிலிலேயே தங்கிவிட்ட முஸ்லிம்களின் பிற்காலத்தை அறிய நமக்குக் கிடைத்த அரிய சாட்சி ஓர் இமாம். 1866இல் பஸ்ராவுக்குப் புறப்பட்ட உதுமானியப் போர்க்கப்பல்கள் புயலில் திசைமாறி ரியோ த ஜனீரோவை அடைந்தன. கப்பலின் இமாம் அப்துர் ரஹ்மான் அல்பக்தாதி. கறுப்பின மக்கள் சிலர் கப்பலேறி வந்து ஸலாம் சொன்னதும் அவர் வியந்து நின்றார். தங்களுக்குக் கற்றுத் தரும்படி அவர்கள் கெஞ்சவே, கப்பலை விட்டிறங்கி, ரியோவிலும் பஹியாவிலும் பெர்னம்புகோவிலும் ஏறக்குறைய மூன்றாண்டுகள் தங்கினார்.

அவர் எழுதிய பயணநூல் கூறும் செய்தி நெஞ்சை உருக்குவது. ரமலானில் அன்றி ஷஅபானில் நோன்பு நோற்றுக்கொண்டிருந்தார்கள்! நோன்பை விட்டுவிட்டவர்கள் அல்லர்; முழு மாதமும் பசித்திருந்தவர்கள். மாதக் கணக்கைச் சொல்லித்தர ஆளில்லை. பிறை பார்ப்பதில் ஒரு நாள் வேறுபாட்டிற்காக ஆண்டுதோறும் சண்டையிடும் நமக்கு, ஒரு மாதம் பிசகிய இம்மக்களைக் குறைகூற நாவெழவில்லை.

அவர்களுக்கு ஆர்வம் குன்றிவிடவில்லை. 1869இல் ரியோவிலிருந்த பிரெஞ்சுத் தூதர் கோபினோ ஒரு செய்தியைப் பதிவு செய்துள்ளார். அந்நகரில் பிரெஞ்சுக்காரர்கள் நடத்திய ஒரு புத்தகக் கடை ஆண்டுதோறும் ஐரோப்பாவிலிருந்து வரவழைத்து ஏறக்குறைய 100 குர்ஆன் பிரதிகளை விற்றது. வாங்கியவர்கள் பெரும்பாலும் அடிமைகள். விலை அதிகம், தவணை முறையில் ஓராண்டு வரை கட்டித் தீர்த்தார்கள். தாமே இன்னும் விலைப்பொருளாக இருந்தவர்கள், கடன் சொல்லிக் குர்ஆனை வாங்கிச் சென்றனர்.

பிறகு ஏன் மறைந்தார்கள்? அடக்குமுறை ஒரு காரணமே. அதனையே முழுக்காரணமாக்க நாம் விரும்பவில்லை. அடிமைக் கப்பல்களில் வந்தவர்களில் பெண்கள் குறைவு. முஸ்லிம் பெண்களோ மிகக் குறைவு. பிறந்த குழந்தைக்கு ஞானஸ்நானம் கட்டாயம். 1850இல் அடிமை இறக்குமதி நின்றது. அது மனிதகுலத்துக்கு நன்மை; ஆனால் அதனோடு ஆப்பிரிக்காவிலிருந்து புதிய அலூஃபாக்கள் வருவதும் நின்றது. ஓதத் தெரிந்தவர்கள் முதுமையடைந்தனர். பஹியாவில் மாலேக்களைத் தேடிச் சென்று ஆய்ந்த மருத்துவர் நீனா ரொத்ரிகெஸ், 1900ஆம் ஆண்டையொட்டிய காலத்தில் சில முதியவர்களையும் அவர்களின் இமாமையும் சந்தித்தார். இமாமை அவர்கள் 'லிமாமோ' என்று அழைத்தனர். அல்இமாம் என்பதன் திரிபு அது. பிரேசிலில் பிறந்த பிள்ளைகளோ கத்தோலிக்கத்தின் பக்கமோ யொரூபாத் தெய்வ வழிபாட்டின் பக்கமோ சென்றுவிட்டதையும், ஆப்பிரிக்காவில் பிறந்தவர்களோடு இம்மார்க்கம் அங்கே முடிந்துவிடும் என்பதையும் அவர் எழுதி வைத்தார். அவ்வாறே ஆயிற்று. 1888 மே 13ஆம் நாள் அடிமைமுறை ஒழிந்தபோது மனிதர்களுக்கு விடுதலை கிடைத்தது. அவர்களுடைய மக்தபுகளோ அதற்கு முன்பே அடைபட்டுவிட்டன.

1835இல் கைப்பற்றப்பட்ட அரபுக் காகிதங்களில் ஒரு பகுதி பஹியாவின் அரசு ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது. குர்ஆனின் கடைசிச் சிறு சூராக்கள் அவற்றில் உள்ளன. சில தாள்கள் தேர்ந்த கையெழுத்து. சில, எழுதப் பழகுவோரின் கோணல் எழுத்து. நம் மக்தபில் அம்ம ஜுஸ்வு ஓதும் பிள்ளை எதுவும் அவற்றை வாசித்துவிடும். 1929இல் ஸாவோ பவுலோவில் முஸ்லிம் நலச் சங்கம் ஒன்று தோன்றியது. அதனை அமைத்தவர்கள் ஷாம் தேசத்திலிருந்து பிழைப்புத் தேடி வந்த அரபு முஸ்லிம்கள். மாலேக்களின் வழித்தோன்றல்கள் அல்லர்.